கிந்தனாரை ரயிலேற்றியவர்

1957ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் 30ஆந் தேதி கலைவாணர் என். எஸ். கிருஷ்ணன் சென்னையிலே காலமானார். அந்தச் செய்தி உக்குவளைப் புகையிரத நிலையத்துக்கு எதிரேயிருந்த தேநீர்க்கடைக்குப் பத்திரிகை வழியாக வந்து சேர்ந்த நாள் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. எனக்கு அப்போது வயது பத்து. என் தந்தையார் எழுத்தறியாதவர். இறப்பர்த் தோட்டத்துப் பால்வெட்டுத் தொழிலாளி. கடையிலிருந்த ஒருவர் செய்தியை உரக்க வாசித்தார். தந்தையார் தேநீரைக் குடிக்காமல் அப்படியே வைத்துவிட்டு எழுந்து நடந்தார். லயத்துக்குத் திரும்பும் வழி முழுவதும் அவர் பேசவில்லை. நாடறிந்த எத்தனையோ பெரியவர்களின் மரணத்தை அவர் கேட்டதுண்டு. எவருக்காகவும் அவர் தேநீரை ஆறவிட்டதை நான் கண்டதில்லை.

ஒரு விகடக் கலைஞரின் மறைவு, அவரை நேரில் ஒருமுறைகூடக் காணாத ஒரு தோட்டத் தொழிலாளியை அவ்வாறு வாய்மூடச் செய்தது ஏன்? எண்பது வயதை நெருங்கும் இன்று, ஓர் ஆசிரியனாக வாழ்ந்து ஓய்ந்த பின்னர், அந்தக் கேள்விக்கு விடைதேடியே கலைவாணரின் வாழ்வை மறுபடியும் எண்ணிப் பார்க்கிறேன்.

நாகர்கோவிலைச் சேர்ந்த ஒழுகினசேரி என்னும் சிற்றூரில், 1908ஆம் ஆண்டு நவம்பர் 29ஆந் தேதி, சுடலைமுத்துப் பிள்ளைக்கும் இசக்கியம்மாளுக்கும் மகனாகக் கிருஷ்ணன் பிறந்தார். அன்று அப்பகுதி திருவாங்கூர் அரசுக்கு உட்பட்டிருந்தது. வறிய குடும்பம், நான்காம் வகுப்போடு படிப்பு நின்றது. டென்னிஸ் ஆடும் துரைமாருக்குப் பந்து பொறுக்கிக் கொடுக்கும் வேலை, நாடகக் கொட்டகையிலே தின்பண்டம் விற்கும் வேலை என்று சிறுவனின் நாள்கள் கழிந்தன. தின்பண்டம் விற்கப் போனவன் விற்பனையை மறந்து மேடையையே பார்த்துக்கொண்டு நின்றிருப்பான் என்று நாம் ஊகித்துக்கொள்ளலாம். படிப்பைப் பாதியில் இழந்த அந்தப் பிள்ளைதான் பிற்காலத்தில் தமிழ்நாட்டுக்குப் படிப்பின் பெருமையைச் சிரிக்கச் சிரிக்கச் சொன்னது என்பதை வாசகர்கள் மனத்தில் வைத்துக்கொள்ள வேண்டுகிறேன்.

நாஞ்சில் நாட்டிலும் நெல்லைச் சீமையிலும் கோயிற் கொடைகளில் வில்லுப்பாட்டு முழங்கும். நீண்ட வில்லிலே மணிகள் கட்டி, வீசுகோலால் நாணைத் தட்டி, குடமும் உடுக்கையும் தாளமும் சேர்ந்திசைக்க, தலைவர் கதை சொல்லுவார். அருகிலிருப்பவர் ஆமா போட்டு அதனை முன்னே தள்ளுவார். மலையகத்து வாசகர்களுக்கு இதனை விளக்க வேண்டுமானால் நம் காமன்கூத்தை நினைவூட்டலாம். மாசி மாதத்து இரவுகளிலே ரதியும் மதனும் ஆடும்போது இடையில் வரும் கோமாளி, பகலில் எவராலும் சொல்ல முடியாததைக் கங்காணிமாரின் முன்னாலேயே சொல்லிவிட்டுப் போவான் அல்லவா? கேட்டவர்கள் சிரித்துவிட்டபடியால் அவனைத் தண்டிக்கவும் முடியாது. கிருஷ்ணன் பிறந்த மண்ணிலும் இத்தகைய உரிமை கலைஞனுக்கு இருந்தது. சாமி கதையின் நடுவே ஊர்க்கதையைச் செருகும் அந்த உரிமையே அவருடைய முதல் மூலதனம்.

1925ஆம் ஆண்டளவில் டி. கே. எஸ். சகோதரர்கள் தம் சொந்த நாடக சபையைத் தொடங்கியபோது கிருஷ்ணன் அதிற் சேர்ந்தார். பாலர் நாடகக் கம்பெனிகளின் வாழ்வு கடுமையானது. ஊர் ஊராகப் பயணம், இரவு முழுதும் நாடகம், பகலில் பாடம். அங்கே அவர் எல்லா வேடங்களையும் கற்றுக்கொண்டார். அக்காலத்து நாடகங்களில் விகடன் என்பவன் கதைக்குப் புறம்பானவன். ராஜா உடைமாற்றும் நேரத்தில் மேடைக்கு வந்து ஏதேனும் உளறிவிட்டுப் போகிறவன். அந்த இடைவெளியைக் கிருஷ்ணன் தமக்குரிய அரசாக ஆக்கிக்கொண்டார். தேசபக்தி என்ற நாடகத்திலே காந்தியடிகளின் வரலாற்றை வில்லுப்பாட்டாகப் பாடியது அவர்தம் முதற் பெருஞ்செயல். சுடலைமாடனையும் இசக்கியையும் பாடிய வில், வெள்ளையராட்சியின் கண்ணெதிரே காந்தியைப் பாடியது. வடிவம் கோயிலுக்குரியது, ஆகையால் மக்கள் பக்தியோடு கேட்டார்கள்.

ஐரோப்பாவிலும் இத்தகைய கலை ஒன்று உண்டு. முதல் உலகப் போருக்குப் பின்னர் விடுதலை பெற்ற போலந்து நாட்டின் தலைநகராகிய வார்சாவிலே சிறு அரங்குகள் பல தோன்றின. திரைக்கு முன்னே ஒருவர் தனியே வந்து நின்று, அன்றைய அரசியலையும் நகரத்துப் பெரிய மனிதர்களையும் பாட்டாலும் பேச்சாலும் எள்ளி நகையாடுவார். அங்கே கேட்டவர்கள் காப்பிக் கடைகளில் அமரும் படித்த நகரத்தார். கிருஷ்ணனிடம் கேட்டவர்களோ தரையில் அமர்ந்த எழுத்தறியாதவர்கள். நகைச்சுவையின் கூர்மை ஒன்றாயினும் பொறுப்பு வேறாகிவிடுகிறது. நகரத்தானுக்குத் தெரிந்ததைக் கிண்டல் செய்தால் போதும். எழுத்தறியாதவனுக்கோ முதலில் விஷயத்தைத் தெரிவிக்க வேண்டும், பின்னர் அதிலே சிரிப்பையும் காட்ட வேண்டும். கிருஷ்ணனை இந்தியாவின் சார்லி சாப்ளின் என்று அழைப்பது வழக்கமாகிவிட்டது. எனக்கு அது அவ்வளவாக உடன்பாடில்லை. சாப்ளினின் கலை ஊமைப் படத்திலே உடலால் பிறந்தது. கிருஷ்ணனின் கலை வாயிலே பிறந்தது, நாஞ்சில் நாட்டுத் தமிழிலே வளர்ந்தது.

திரையுலகிற்கு அவர் வந்தது 1935, 1936ஆம் ஆண்டுகளில். மேனகா முதலில் வெளிவந்தது. அடுத்து அமெரிக்கரான எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய சதி லீலாவதி. எம். ஜி. இராமச்சந்திரனும் டி. எஸ். பாலையாவும் திரையில் முதன்முதல் தோன்றிய படமும் அதுவே. எஸ். எஸ். வாசன் எழுதிய அக்கதையிலே கதாநாயகன் குடியால் கெட்டு, கொலை செய்துவிட்டதாக அஞ்சி இலங்கைக்கு ஓடிவந்து தேயிலைத் தோட்டத்தில் கூலியாக உழைக்கிறான். நம் பாட்டன்மார் பஞ்சத்தால் வந்த வழியில் அவன் பழிக்கு அஞ்சி வந்தான். அவனுக்குப் புதையல் கிடைத்தது, நம்மவர்க்கு அதுவும் கிடைக்கவில்லை. இருப்பினும் தமிழ்ப் பேசும்படம் தோன்றிய ஆறாம் ஆண்டிலேயே தோட்டத் தொழிலாளியின் வாழ்வு திரையில் இடம்பெற்றதும், அந்தப் படத்தில் கிருஷ்ணனும் இருந்ததும் குறிப்பிடத்தக்கவை.

அதே 1936இல் வசந்தசேனா என்னும் படத்திற்காகப் பூனாவுக்குச் சென்றபோது டி. ஏ. மதுரத்தைச் சந்தித்தார். அந்தச் சந்திப்பு திருமணத்தில் முடிந்தது. கிருஷ்ணன் முன்னரே மணமானவர் என்பது மதுரத்திற்குப் பின்னர்தான் தெரியவந்தது என்பர். அவர் வாழ்வில் இது ஒரு குறைதான், மறைப்பதற்கில்லை. மேடையில் பெண்ணுரிமை பேசியவர் வீட்டிலும் அப்படியே நடந்திருந்தால் நாம் இன்னும் மகிழ்ந்திருப்போம். ஆனால் கலையில் அந்த இணைக்கு நிகர் தமிழில் இல்லை. கணவன் அறியாமையோடு பெருமை பேசுவதும், மனைவி ஒரே சொல்லில் அவனைத் தரைக்குக் கொண்டுவருவதும், தோற்றதை ஒப்புக்கொள்ளாமல் கணவன் பாட்டுக்குத் தாவுவதும் அவர்களுடைய வழக்கமான ஆட்டம். அவற்றிலே மதுரம் வெறும் துணை அல்லர். கணவனின் மடமையைச் சுட்டும் அறிவு பெரும்பாலும் அவர் வாயிலிருந்தே வந்தது.

1937இல் அம்பிகாபதி, 1939இல் திருநீலகண்டர், 1940இல் சகுந்தலை, 1941இல் அசோக்குமார், 1942இல் கண்ணகி என்று படங்கள் தொடர்ந்தன. புராணமாயினும் காப்பியமாயினும் ஊடே இவர்களுடைய தனிக்கதை ஓடும். அந்தப் பகுதிகளைக் கிருஷ்ணனே தம் குழுவினரைக் கொண்டு அமைத்துக் கொடுப்பார்; உடுமலை நாராயண கவி பாட்டெழுதுவார். கோவலன் காலத்துப் படத்திலே நம் காலத்து மூடநம்பிக்கை கேலிக்கு உள்ளாகும். அது காலவழு என்று இலக்கணம் பேசியவர்கள் இருந்திருக்கலாம். ஆனால் காமன்கூத்திலே கோமாளி தோட்டத்துச் சம்பளத்தைப் பற்றிப் பேசும்போது எவனும் காலவழு என்று சொல்வதில்லை. பம்மல் சம்பந்த முதலியார் அரிச்சந்திரனை நகையாடி எழுதிய சந்திரஹரி 1941இல் படமானபோது, மெய்யே பேசாத அரசனின் அக்கதையில் கிருஷ்ணன் நடித்தார். அதே ஆண்டில் அலிபாபாவும் 40 திருடர்களும் படத்தில் அவரே கதாநாயகர்.

இனி அவர் வாழ்வைப் பிளந்த நிகழ்ச்சிக்கு வருகிறேன்.

சென்னையில் இலக்குமிகாந்தன் என்றொருவர் இருந்தார். கள்ளக் கையெழுத்து வழக்கிலே முன்னரே தண்டனை அனுபவித்தவர். சினிமா தூது என்ற பத்திரிகையை நடத்தினார்; அது நிறுத்தப்பட்ட பின்னர் இந்துநேசன் என்ற பெயரில் மீண்டும் தொடங்கினார். நடிகர் நடிகையரின் அந்தரங்கங்களை எழுதுவதே அவற்றின் தொழில். மெய்யும் பொய்யும் கலந்த அந்த எழுத்தை மக்கள் விழுந்து விழுந்து வாங்கினார்கள். எழுதாமலிருப்பதற்காகப் பணம் கொடுத்தவர்களும் இருந்தார்கள் என்பார்கள். 1944ஆம் ஆண்டு நவம்பர் 8ஆந் தேதி, வேப்பேரியிலே ரிக்ஷாவிற் சென்றுகொண்டிருந்த இலக்குமிகாந்தனைச் சிலர் கத்தியால் குத்தினார்கள். மறுநாள் அவர் உயிர் பிரிந்தது. டிசம்பரில் எம். கே. தியாகராஜ பாகவதரும் என். எஸ். கிருஷ்ணனும் சதி செய்ததாகக் கைதுசெய்யப்பட்டார்கள். அவர்கள் இருவரும் நடித்த ஹரிதாஸ் அந்த ஆண்டுத் தீபாவளிக்கு வெளிவந்து கொட்டகைகளில் கூட்டம் நெரிந்துகொண்டிருந்த வேளை அது.

1945 மே மாதத்தில் இருவருக்கும் ஆயுட்காலத் தீவாந்தர தண்டனை விதிக்கப்பட்டது. சென்னை உயர்நீதிமன்றம் அதனை உறுதிசெய்தது. இலண்டன் பிரிவிக் கவுன்சில் வரை வழக்குச் சென்றது. அங்கிருந்து வழக்கு மீண்டும் சென்னைக்கு அனுப்பப்பட்டு மறுவிசாரணை நடந்தது. 1947 ஏப்ரலில் இருவரும் குற்றமற்றவர்கள் என விடுதலை பெற்றார்கள். கொன்றவர் யார் என்பது இன்றுவரை தெளிவாகாத மர்மமே. இரண்டு ஆண்டுக்கு மேற்பட்ட அந்தச் சிறைவாசத்தின்போது மதுரம் கலங்கி உட்கார்ந்துவிடவில்லை. எஸ். வி. சகஸ்ரநாமத்தின் துணையோடு நாடக சபையை நடத்தி வழக்குக்குப் பொருள் தேடினார். மறுமணத்தை வலியுறுத்திய பைத்தியக்காரன் என்னும் படமும் அக்காலத்தில் தொடங்கப்பெற்று 1947இல் வெளிவந்தது.

இந்த வழக்கை நான் வெறும் துன்பக் கதையாகப் பார்ப்பதில்லை. நகையாடுவதில் இரு வகை உண்டு. பிறர் வீட்டுச் சாளரத்தின் வழியே எட்டிப் பார்த்து, உள்ளே இருப்பவர்களைத் தெருவுக்கு இழுத்துவந்து சிரிப்பது ஒன்று. இலக்குமிகாந்தனின் ஏடுகள் அந்த வகை. தன் வீட்டுக் கதவை அகலத் திறந்து, உள்ளே இருக்கும் குப்பையைக் காட்டி, உங்கள் வீட்டிலும் இது இருக்கிறதா பாருங்கள் என்று சிரிப்பது மற்றொன்று. கிருஷ்ணனுடையது அந்த வகை. முன்னதிலே கேட்பவன் தன்னை உயர்ந்தவனாக எண்ணிக்கொள்கிறான். பின்னதிலே தன்னையே கண்டு வெட்கிச் சிரிக்கிறான். ஒரே நகரத்தில், ஒரே மக்களைப் பார்வையாளராகக் கொண்டு வாழ்ந்த இவ்விரு சிரிப்புகளும் நீதிமன்றத்தில் மோதின. விசித்திரம் என்னவென்றால், கொட்டகையில் கிருஷ்ணனைக் கண்டு கைதட்டிய அதே மக்கள்தான் இந்துநேசனையும் காசு கொடுத்து வாங்கியவர்கள்.

சிறையிலிருந்து மீண்டவர் என்ன செய்வார் என்று பலரும் காத்திருந்திருப்பார்கள். பத்திரிகைகளின் மேல், நீதிமன்றங்களின் மேல், கைவிட்ட நண்பர்களின் மேல் வசைமாரி பொழிய அவருக்கு நியாயம் இருந்தது. ஊரை எள்ளத் தெரிந்தவனிடம் ஆறாத புண் ஒன்றையும் கொடுத்துவிட்டால் வேறென்ன பிறக்கும்? ஆனால் அவர் அந்தச் சாளரத்தை நாடவில்லை. பாகவதர் பழைய புகழை மீண்டும் எட்ட முடியாமல் 1959இல் மறைந்தார். கிருஷ்ணனோ, வெளியே வந்த அவ்வாண்டிலேயே பம்மல் சம்பந்த முதலியாரால் கலைவாணர் என்ற பட்டம் சூட்டப்பெற்று, முன்னிலும் துணிவாகப் பணியாற்றினார்.

1949இல் வெளிவந்த நல்லதம்பி அதற்குச் சான்று. மிஸ்டர் டீட்ஸ் என்ற ஆங்கிலப் படத்தின் கதையைத் தழுவி சி. என். அண்ணாதுரை எழுதியது. எதிர்பாராமல் ஜமீன் சொத்துக்கு உரியவனாகும் ஒரு கிராமத்தான், அதனை ஏழைகளுக்குப் பயன்படுத்த முயல்கிறான். மதுவிலக்கும் அதிலே வலியுறுத்தப்படுகிறது. அந்தப் படத்தில்தான் கிந்தனார் கதாகாலட்சேபம் இடம்பெற்றது. மேடைகளிலும் அவர் நிகழ்த்தி வந்த அந்தக் காலட்சேபமே என் தந்தையாரின் ஆறிய தேநீருக்குக் காரணம் என்று இப்போது நம்புகிறேன்.

கோபாலகிருஷ்ண பாரதியாரின் நந்தனார் சரித்திரத்தைத் தமிழர் யாவரும் அறிவர். சிதம்பரத்தைக் காண ஏங்கும் பண்ணையாள், உத்தரவு தர மறுக்கும் ஆண்டை, இறுதியில் தீயிலே இறங்கித் தூயவனாகும் அடியார். கிந்தனார் அதன் மறுபக்கம். தாழ்த்தப்பட்ட குலத்திலே பிறந்த சிறுவன் கிந்தன் காண விரும்புவது கல்வியை. உள்ளூர்ப் பள்ளிக்கூடம் அவனை விரட்டுகிறது. ரயிலேறிப் பட்டணம் போகிறான், படிக்கிறான், பள்ளிகளைப் பார்வையிடும் அதிகாரியாகத் தன் ஊருக்கே திரும்பி வருகிறான். அவனை விரட்டிய வாத்தியார் கைகட்டி நின்று வரவேற்க நேரிடுகிறது. நந்தனார் தீக்குளித்து உயர்ந்தார். கிந்தனார் தேர்வெழுதி உயர்ந்தார். உடலை எரிக்காமலே ஒரு மனிதன் மேலானவனாகலாம் என்பதைக் கலைவாணர் பக்திக் காலட்சேபத்தின் மெட்டிலேயே, சிப்ளாக்கட்டை ஒலியோடு, எவர் மனமும் புண்படாமல் சொல்லிவிட்டார். நந்தனாரை அவர் கேலி செய்யவில்லை. நந்தனாரை நெருப்புக்கு அனுப்பிய உலகத்தைத்தான் கேலி செய்தார். அதிலே ரயிலுக்கென்று ஒரு பாட்டே உண்டு. சக்கரத்தின் ஓசையும் புகையும் கண்முன் வரும்படி அவர் பாடும்போது, சாதி கேளாமல் சீட்டு மாத்திரம் கேட்கும் அந்த வண்டியே கதையின் உண்மையான கதாநாயகன் என்று எனக்குத் தோன்றும்.

1950களின் நடுவில், மாத்தளைப் படமாளிகை ஒன்றிலே நல்லதம்பி மறுபடியும் ஓடியபோது தந்தையார் என்னை அழைத்துச் சென்றார். அவர் அதனை முன்னரே இருமுறை பார்த்திருந்தார். உக்குவளையிலிருந்து மாத்தளைக்குப் புகையிரதத்திலே போனோம். கண்டியிலிருந்து மாத்தளை வரையிலான அந்தப் பாதை 1880இல் போடப்பட்டது; கோப்பியையும் தேயிலையையும் கொக்கோவையும் இறக்கிக்கொண்டு போவதற்காக. அதிலே தோட்டத்துப் பிள்ளை ஒருவன் படிக்கப் போகலாம் என்று அதைப் போட்ட துரைமார் எண்ணியிருக்க மாட்டார்கள். எங்கள் தோட்டத்திலிருந்த பள்ளிக்கூடம் ஓர் அறையும் ஓர் ஆசிரியரும் கொண்டது. வாங்கிலே அமர்வோரும் தரையிலே அமர்வோரும் அங்கே தனித்தனி. நான் தரையிலே அமர்ந்தவன். ஐந்தாம் வகுப்புக்கு மேல் அங்கே இடமில்லை. கொட்டகையிலே எல்லோரும் சிரித்துக்கொண்டிருக்க, தந்தையார் மாத்திரம் கிந்தன் ரயிலேறும் கட்டத்தில் என் தோளைப் பற்றிக்கொண்டார். ஏன் என்று அன்று விளங்கவில்லை. கலைவாணர் மறைந்த மறு தைமாதத்தில் என்னை அவர் மாத்தளையிலே ஒரு பாடசாலையில் சேர்த்தபோது விளங்கியது. ஐந்து ஆண்டுகள் தினமும் அந்த வண்டியிலே போய்வந்தேன். பிரசாவுரிமை பறிக்கப்பட்ட சமூகத்திலே பிறந்த ஒருவனுக்கு அன்று கிடைத்த ஒரே உரிமைச்சீட்டு அந்தப் புகையிரதச் சீட்டுத்தான்.

நிற்க. கலைவாணரின் பிற்பகுதி வாழ்வைச் சுருக்கமாகவே சொல்லிவிடலாம். 1951இல் மணமகள் படத்தை அவரே இயக்கினார். பத்மினியைத் தமிழிலே கதாநாயகியாக முன்னிறுத்தியது அப்படம். அதே ஆண்டில் இந்தியத் திரைப்படக் குழுவினருடன் சோவியத் நாட்டுக்குச் சென்றுவந்தார். 1952இல் அவர் இயக்கிய பணம் வெளிவந்தது. விசுவநாதன், இராமமூர்த்தி இருவரும் இசையமைப்பாளர்களாக அறிமுகமானது அதில்தான். 1949இல் தோன்றியிருந்த திராவிட முன்னேற்றக் கழகத்தின் மூன்றெழுத்துச் சுருக்கத்தைப் பாட்டிலே வைத்துப் பார்வையாளரை ஆரவாரிக்கச் செய்து, பின்னர் அது திருக்குறள் முன்னேற்றக் கழகம் என்று விளக்கம் தந்து தணிக்கையாளரை வாயடைக்கச் செய்த சாமர்த்தியம் அப்படத்திற்குரியது. காந்தியிடம் அவருக்கிருந்த பற்றும் குறையவில்லை. நாகர்கோவிலில் தம் செலவிலேயே காந்தி நினைவுத்தூண் எழுப்பினார். காந்தியையும் பெரியாரையும் ஒருங்கே நேசிப்பது முரணன்றோ என்று கேட்பவர்களுக்கு அவர் வாழ்க்கையைத்தான் விடையாகக் காட்ட வேண்டும்.

குறை சொல்லாமல் போவதும் முறையன்று. பிற்காலப் படங்கள் சிலவற்றிலே போதனை மிகுந்து, கதை நின்றுபோய்ப் பிரசங்கம் தொடங்கிவிடுகிறது. சிரிப்பில் மறைந்து வந்த மருந்து வெறும் மருந்தாகவே கையில் கொடுக்கப்படும்போது நாக்கு கசப்பதுண்டு. ஆயினும் 1956இல் வெளிவந்த ராஜா ராணியிலே சிரிப்பின் வகைகளையே பாட்டாக்கிப் பல தினுசாகச் சிரித்துக் காட்டினாரே, அதனைப் பார்த்தவர்கள் அவருடைய ஆற்றல் சற்றும் குன்றவில்லை என்பதை ஒப்புக்கொள்வார்கள். மறுவருடமே அவர் இல்லை என்பது நினைவுக்கு வந்தால் மாத்திரம் அந்தச் சிரிப்பு நெஞ்சை என்னவோ செய்கிறது.

1957ஆம் ஆண்டுத் தேர்தலைப் பற்றிய கதை ஒன்று தமிழ்நாட்டில் இன்றும் வழங்குகிறது. காஞ்சிபுரத்திலே அண்ணாதுரையை எதிர்த்து நின்றவர் ஒரு மருத்துவர். பிரசாரத்துக்குச் சென்ற கலைவாணர், எதிர் வேட்பாளரின் மருத்துவத் திறமையையும் ஏழைகளிடம் அவர் காட்டும் அன்பையும் வாயாரப் புகழ்ந்தாராம். கூட்டம் திகைத்தது. முடிவிலே, இத்தகைய நல்ல வைத்தியரைச் சென்னைக்கு அனுப்பிவிட்டால் உங்கள் காய்ச்சலை யார் பார்ப்பது, அவரை இங்கேயே வைத்துக்கொண்டு வேறு வேலையில்லாத அண்ணாதுரையைச் சட்டசபைக்கு அனுப்புங்கள் என்று முடித்தாராம். எதிரியையும் ஏசாமல் வெல்லும் இந்த வித்தையைத் தேர்தல் மேடைகளில் இன்று காண்பது அரிது. அண்ணாதுரை அந்தத் தேர்தலில் வென்றார்.

அவருடைய கொடைக்கோ எல்லை இருந்ததில்லை. வீட்டிலே புகுந்த திருடனை மதுரம் கண்டு கூச்சலிட, கலைவாணரோ அவனைத் தம் நாடக சபை நடிகன் என்று சொல்லிச் சோறிட்டு அனுப்பினார் என்று ஒரு கதை உண்டு. நடந்ததோ புனைந்ததோ, வேறொருவரைப் பற்றி அப்படியொரு கதை பிறந்திருக்காது. சம்பாதித்ததெல்லாம் வந்தவர்களுக்கே போயிற்று. இறுதிநாள்களிலே கையில் பொருளில்லை. நாற்பத்தொன்பது வயது நிறைவதற்குள் நோயுற்று மறைந்தார். அவர் நடித்த புதிய அம்பிகாபதி அவ்வருடம் அக்டோபரிலே திரைக்கு வந்தது. 1937இல் பாகவதரின் அம்பிகாபதியிலும் அவர் இருந்தார். இருபதாண்டு கழித்து சிவாஜி கணேசனின் அம்பிகாபதியிலும் இருந்தார். ஆனால் இம்முறை கொட்டகையில் எழுந்த சிரிப்பு அவர் காதுக்கு எட்டவில்லை.

1969 ஜனவரியில், நோயின் பிடியிலிருந்த முதலமைச்சர் அண்ணாதுரை சென்னையிலே கலைவாணரின் சிலையைத் திறந்துவைத்தார். அடுத்த மாதமே அவரும் மறைந்தார். பின்னர் அரசாங்க அரங்கு ஒன்றுக்குக் கலைவாணர் அரங்கம் என்று பெயரிட்டார்கள். பழைய கட்டடம் இடிக்கப்பட்டு அவ்விடத்திலே புதியது எழுந்தது. 2020இல் கொள்ளைநோய் பரவிய காலத்தில், இடைவெளிவிட்டு அமர வேண்டியிருந்ததால், தமிழ்நாட்டுச் சட்டசபையே அந்த அரங்கத்தில் கூடியது. மந்திரிமார் அனைவரும் ஒரு விகடக் கலைஞரின் பெயரெழுதிய வாயிலைக் கடந்து உள்ளே சென்ற செய்தியை வாசித்தபோது, கலைவாணர் இருந்திருந்தால் இதை வைத்தே ஒரு முழுக் காலட்சேபம் நடத்தியிருப்பார் என்று எண்ணிச் சிரித்தேன்.

நான் கிந்தனாரைப் போலப் பள்ளிகளைப் பார்வையிடும் அதிகாரியாகவில்லை. சாதாரண ஆசிரியனாகவே முப்பத்தைந்து ஆண்டுகளைக் கழித்தேன். அதிலே பெரும்பகுதி, நான் தரையிலே அமர்ந்த அந்தப் பள்ளியைப் போன்ற தோட்டப் பள்ளிகளில்தான். ஒவ்வொரு தவணை இறுதியிலும், மூங்கிலை வளைத்து வில்லாக்கி, தண்ணீர்க்குடத்தைப் பக்கத்திலே வைத்து, பிள்ளைகளைக்கொண்டு கிந்தனின் கதையை நடத்துவது என் வழக்கம். பாட்டு எங்களுடைய சொந்தப் பாட்டு. ஆமா போடுவதற்கு மாத்திரம் நாற்பது பேரும் போட்டியிடுவார்கள். ஒரு தடவை, எப்போதும் வாய் திறக்காத சிறுவன் ஒருவன், கதை முடிந்த பிறகு தனியே என்னிடம் வந்தான். கிந்தன் எந்த ஸ்டேசனிலே ரயிலேறினான் சேர் என்று கேட்டான். கலைவாணர் பொறுத்துக்கொள்வார் என்ற நம்பிக்கையில், உக்குவளையிலேதான் என்று சொன்னேன்.